ஒரே ஒரு புகைப்படத்திலிருந்து: நினைவை அசையும் படமாக்கத் தொடங்குபவர்களுக்கு

ஓவியத்திலோ புகைப்படத்திலோ உங்களுக்குக் கொஞ்சம் பழக்கம் இருக்கலாம். நான் யார், எங்கிருந்து வந்தேன் என்ற கேள்வியை அசையும் படத்தில் கேட்டுப் பார்க்க ஆசையும் இருக்கலாம். ஆனால் எங்கே கைவைப்பது என்று தெரியவில்லை. அப்படிப்பட்டவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். ஒரு செல்போன், ஒரு கணினி, பேசச் சம்மதிக்கும் ஒரு மனிதர், இவை போதும். நான்கைந்து நிமிடப் படம் ஒன்றைத் தொடங்கி முடிக்கும் வழியைச் சொல்கிறேன்.

என் முதல் முயற்சியில் குடும்ப ஆல்பத்தில் இருந்த அறுபது படங்களையும் வரிசையாக அடுக்கி, பின்னால் ஓர் இசையை ஓடவிட்டேன். பார்த்தவர்கள் அன்பாகத் தலையாட்டினார்கள். ஒருவரும் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. அடுத்த வருடம் ஒரே ஒரு படத்தை எடுத்துக்கொண்டேன். அதில் என் அம்மாவுக்கு இருபது வயது இருக்கும். ஒரு கதவருகே நிற்கிறார். கேமராவைப் பார்க்காமல் வலப்பக்கம் எதையோ பார்க்கிறார். அங்கே என்ன இருந்தது என்று மூன்று வெவ்வேறு நாட்களில் அவரிடம் கேட்டேன். மூன்று நாளும் மூன்று பதில் வந்தது. அந்த ஒரு புகைப்படத்தையும் மூன்று பதில்களையும் வைத்து நான்கு நிமிடப் படம் செய்தேன். அதைப் பார்த்தவர்கள் தங்கள் வீட்டுப் புகைப்படங்களைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார்கள், நிறுத்தவே முடியவில்லை.

படம் ஒன்றைக் காட்டும். குரல் வேறொன்றைச் சொல்லும். இரண்டுக்கும் நடுவே விழும் இடைவெளியில்தான் நினைவு குடியிருக்கிறது என்று அன்றைக்குப் புரிந்தது. கீழே வரும் ஒவ்வொரு படியும் அந்த இடைவெளியை மூடிவிடாமல் காப்பதற்கானது.

முதல் படி: ஒன்றை மட்டும் எடுங்கள்

ஒரு புகைப்படம், ஒரு கடிதம், ஒரு ஒலிநாடா, ஒரு பழைய சட்டை, எதுவாகவும் இருக்கலாம். ஆனால் ஒன்றுதான். அழகானதையோ மிகச் சோகமானதையோ தேட வேண்டாம். ஒரு தாளை இரண்டாகப் பிரித்து, இடப்பக்கம் அந்தப் பொருளைப் பற்றித் தெரிந்ததையும் வலப்பக்கம் தெரியாததையும் எழுதுங்கள். வலப்பக்கம் நீளமாக வந்தால் அதுவே உங்கள் பொருள். எல்லாம் தெரிந்த படத்தில் தேடுவதற்கு ஒன்றுமில்லை.

புகைப்படம் என்றால் முதலில் பின்புறத்தைத் திருப்பிப் பாருங்கள். ஸ்டூடியோவின் முத்திரை, மையில் எழுதிய தேதி, வேறு யாருடைய கையெழுத்தோ இருக்கலாம். பிறகு முன்புறம். எடுத்தவர் யார்? தரையில் அவருடைய நிழல் விழுந்திருக்கிறதா? ஓரத்தில் வெட்டப்பட்ட தோள் யாருடையது? இதில் இருந்திருக்க வேண்டிய யார் இல்லை? ஒவ்வொரு கேள்வியும் பின்னால் ஒரு ஷாட்டாக மாறும்.

கையில் ஒரு படமும் இல்லாதவர்கள் இருக்கிறார்கள். வீட்டை விட்டு ஓட நேர்ந்தவர்கள், வெள்ளத்திலோ தீயிலோ எல்லாவற்றையும் இழந்தவர்கள், படமெடுக்கும் வசதியே இல்லாமல் வளர்ந்தவர்கள். அவர்களுக்கு ஒரு பயிற்சி சொல்கிறேன். வாழ்ந்த வீட்டின் தரைவரைபடத்தை நினைவிலிருந்து வரையச் சொல்லுங்கள். கேமராவை மேலிருந்து தாளை நோக்கி நிறுத்தி, கை மட்டும் தெரியும்படி, நிறுத்தாமல் பதிவு செய்யுங்கள். அதே வீட்டில் வளர்ந்த இன்னொருவர் இருந்தால் அவரைத் தனியாக, முதல் வரைபடத்தைப் பார்க்கவிடாமல் வரையச் சொல்லுங்கள். ஜன்னல் இடம் மாறும். ஓர் அறை பெரிதாகும். ஒருவர் வரைந்த கதவு மற்றவருடைய வீட்டில் இருக்காது. பேனா தயங்கி நிற்கும் அந்த நொடிகளைவிட உண்மையான காட்சியை நான் இதுவரை எடுத்ததில்லை.

நெருங்கிய ஒருவரின் சமீபத்திய இறப்போடு தொடர்புடைய பொருளை முதல் படத்துக்கு எடுக்காதீர்கள். எடிட்டிங்கில் அதே இரண்டு நொடியை நூறு முறை பார்க்க வேண்டியிருக்கும். அதற்கு மனம் தயாராக நாளாகும்.

இரண்டாம் படி: படத்தைக் காட்டும் முன் பேசவிடுங்கள்

பெரும்பாலான புதியவர்கள் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள். ஆல்பத்தை விரித்து வைத்துக்கொண்டு "இதைப் பற்றிச் சொல்லுங்கள்" என்கிறார்கள். அப்போது எதிரில் இருப்பவர் படத்தில் தெரிவதைத்தான் சொல்வார். தன் நினைவை அவர் தேடவே மாட்டார்.

இதற்கு ஆதாரம் உண்டு. 2002இல் கிம்பர்லி வேட் என்ற உளவியலாளரும் அவருடைய சகாக்களும் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். இருபது பேருடைய சிறுவயதுப் படங்களைக் குடும்பத்தாரிடமிருந்து வாங்கி, அவர்கள் வெப்பக்காற்று பலூனில் பறப்பது போன்ற ஒரு போலிப் படத்தை ஒட்டித் தயாரித்தார்கள். அப்படி ஒரு பயணம் யாருக்குமே நடந்ததில்லை. அந்தப் படத்தைக் காட்டி மூன்று முறை பேட்டி எடுத்த பிறகு பாதிப் பேர் அந்தப் பயணத்தை முழுதாகவோ ஓரளவோ "நினைவுகூர்ந்தார்கள்". ஒரு புகைப்படத்துக்கு அவ்வளவு வலிமை. அதனால்தான் வரிசை முக்கியம். முதல் நாள் படமில்லாமல் பேச்சு. இன்னொரு நாள் படத்தைக் கையில் கொடுத்துப் பேச்சு. இரண்டையும் பதிவு செய்து வையுங்கள். முதலில் சொன்னதும் பிறகு சொன்னதும் எங்கே விலகுகின்றன என்று பார்த்தாலே உங்கள் படத்தின் கட்டமைப்பு பாதி கிடைத்துவிடும்.

பதில் மாறினால் திருத்தாதீர்கள். "போன தடவை வேறு மாதிரி சொன்னீர்களே" என்று கேட்கவே கூடாது. 1930களிலேயே பிரிட்டிஷ் உளவியலாளர் ஃபிரெடெரிக் பார்ட்லெட் இதைக் காட்டினார். பழக்கமில்லாத ஒரு நாட்டுப்புறக் கதையைப் படிக்கச் செய்து, நாட்கள் கடந்து திரும்பச் சொல்லச் சொன்னார். ஒவ்வொரு முறையும் கதை சுருங்கி, சொல்பவரின் உலகத்துக்குப் பழகிய வடிவத்துக்கு மாறிக்கொண்டே போனது. நினைவுகூர்வது என்பது ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டுவது. உங்கள் அம்மாவோ மாமாவோ பொய் சொல்லவில்லை, கட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

கேள்விகளைச் சின்னதாகக் கேளுங்கள். "அப்போது எப்படி இருந்தது?" என்றால் "நன்றாகத்தான் இருந்தது" என்று முடிந்துவிடும். "அந்தக் கதவு உள்பக்கம் திறக்குமா, வெளிப்பக்கமா?" என்று கேளுங்கள். "ராத்திரியில் கடைசியாகக் கேட்கும் சத்தம் எது?" "அந்தச் சட்டையை யார் தைத்தது?" பதில் முடிந்த பிறகு உடனே அடுத்த கேள்விக்குப் போகாமல் மனதுக்குள் பத்து எண்ணுங்கள். எட்டாவது எண்ணில்தான் பெரும்பாலும் நல்ல வாக்கியம் வரும்.

ஒலியின் தொழில்நுட்பம் எளிது. செல்போனை விமானப் பயன்முறையில் போட்டு, வாயிலிருந்து இருபது முப்பது சென்டிமீட்டர் தள்ளி ஒரு மடித்த துணியின் மேல் வையுங்கள். சட்டையில் குத்தும் சின்ன மைக் இருந்தால் இன்னும் நல்லது. மெத்தையும் திரைச்சீலையும் உள்ள அறையைத் தேர்ந்தெடுங்கள். வெறும் சுவர் உள்ள அறையில் குரல் எதிரொலிக்கும். மின்விசிறியை அணையுங்கள். ஃபிரிட்ஜையும் அணையுங்கள், ஆனால் உங்கள் வீட்டுச் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள். சாவியை எடுக்கும்போது ஃபிரிட்ஜைத் திரும்பப் போட மறக்க மாட்டீர்கள். இது ஒலிப்பதிவாளர்களின் பழைய வழக்கம். எம்பி3 வேண்டாம், வேவ் கோப்பாக, 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் பதிவு செய்யுங்கள். உரத்த இடங்களும் ஒலி அளவுகாட்டியில் மைனஸ் 12 டெசிபெல்லைத் தாண்டாமல் இருக்கட்டும். எழுந்து போவதற்கு முன் யாரும் பேசாமல் அறையின் வெறும் ஒலியை ஒரு நிமிடம் பதிவு செய்யுங்கள். எடிட்டிங்கில் குரலை வெட்டி ஒட்டும்போது நடுவே நிரப்ப அதுதான் வேண்டும். அதை மறந்தால் வேறெங்கிருந்தும் கொண்டுவர முடியாது.

எந்த மொழியில் பேசுவது? அவர்களுக்கு வருகிற மொழியில், வருகிற வழக்கில். இரண்டு மொழிகளுக்கு நடுவே வாழ்பவர்கள் பாதி வாக்கியத்தில் மொழி மாறுவார்கள். அதைச் சுத்தம் செய்துவிட்டால் அடையாளம் என்று நீங்கள் தேடி வந்ததையே துடைத்துவிடுகிறீர்கள். மோனா ஹதூம் என்ற கலைஞர் 1988இல் செய்த பதினைந்து நிமிடக் காணொளி ஒன்று இதற்கு நல்ல உதாரணம். பெய்ரூட்டிலிருந்து அம்மா எழுதிய கடிதங்களை மகளான ஹதூமே ஆங்கிலத்தில் வாசிக்கிறார். அடியில் அம்மாவும் மகளும் அரபியில் பேசிச் சிரிப்பது ஓடுகிறது. திரையில் அம்மாவின் உருவத்தின் மேல் கடிதத்தின் அரபு எழுத்துகள் ஒரு திரைச்சீலை போலப் படர்ந்திருக்கின்றன. பிரிவு என்ன என்பதை அந்த இரண்டு மொழிகளின் தூரமே சொல்லிவிடுகிறது.

சம்மதத்தை இந்தப் படியிலேயே பேசி முடியுங்கள். குரலை எங்கே பயன்படுத்தப் போகிறீர்கள், யார் பார்ப்பார்கள், இணையத்தில் போகுமா என்பதைத் தெளிவாகச் சொல்லுங்கள். ஒரு சின்னத் தாளில் எழுதி இருவரும் கையெழுத்திடுங்கள். எடுத்த பிறகும் "இது வேண்டாம்" என்று சொல்லும் உரிமை அவர்களுக்கு உண்டு என்பதையும் அதில் எழுதுங்கள். குடும்பத்துக்குள் எதற்குத் தாள் என்று தோன்றும். குடும்பத்துக்குள்தான் மறுக்க முடியாமல் சம்மதிக்கிறவர்கள் அதிகம். புகைப்படத்தில் இருப்பவர்களில் இப்போது உயிரோடு இல்லாதவர்களுக்காக, அவர்களை நேசித்த யாராவது ஒருவரிடமாவது கேளுங்கள்.

மூன்றாம் படி: பழையதைப் பிரதி எடுப்பது

புகைப்படத்தை அங்குலத்துக்கு 600 புள்ளிகள் என்ற அளவில் ஸ்கேன் செய்து டிஃப் கோப்பாகச் சேமியுங்கள். நான்குக்கு ஆறு அங்குலப் படம் இந்த அளவில் 3600க்கு 2400 பிக்சல் வரும். 4கே திரையின் அகலம் 3840. ஆகவே முழுப் படத்தைக் காட்ட ஏறக்குறைய சரியாக இருக்கும். ஒரு முகத்தையோ கையையோ மட்டும் திரை நிறையக் காட்டும் எண்ணம் இருந்தால் 1200க்குப் போங்கள். கருப்பு வெள்ளைப் படமானாலும் வண்ணத்திலேயே ஸ்கேன் செய்யுங்கள். அந்தப் பழுப்பு அதன் வயது. தூசியை மென்மையான தூரிகையால் தட்டுங்கள், தண்ணீர் வேண்டவே வேண்டாம். ஆல்பத்தில் ஒட்டிக்கொண்ட படத்தைப் பிய்க்காதீர்கள். ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழும்படி வைத்து, கேமராவை நேர் மேலே நிறுத்தி, பக்கத்தோடு சேர்த்தே எடுங்கள். சுற்றியிருக்கும் ஆல்பமும் கதையில் ஒரு பகுதிதான்.

வீட்டில் பழைய படச்சுருள் இருந்தால் நீங்கள் கொடுத்து வைத்தவர். 8 மில்லிமீட்டர் சுருள் 1932இலும் சூப்பர் 8 1965இலும் வந்தன. சூப்பர் 8 சுருள் ஒன்று 50 அடி. நொடிக்கு 18 ஃப்ரேம் ஓடினால் 3 நிமிடம் 20 நொடி. ஒரு குடும்பத்தின் பல வருடங்கள் மூன்று மூன்று நிமிடத் துண்டுகளாகக் கிடப்பது இதனால்தான். அதைப் பழைய புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்க வேண்டும் என்ற ஆசையை அடக்குங்கள். சுருங்கிய ஃபிலிம் பற்களில் மாட்டிக் கிழியும். டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை வந்தால் ஃபிலிமின் அசிடேட் அடித்தளம் சிதையத் தொடங்கிவிட்டது. அதை மற்றச் சுருள்களிலிருந்து பிரித்து, குளிர்ந்த உலர்ந்த இடத்தில் வைத்து, முதல் ஆளாக அதையே ஸ்கேனுக்குக் கொடுங்கள். ஃப்ரேம் ஃப்ரேமாக ஸ்கேன் செய்யும் இடத்தில் கொடுங்கள், சுவரில் ஓட்டி வீடியோ எடுத்துத் தருகிற இடத்தில் வேண்டாம். கணினியில் போட்ட பிறகு வேகத்தைச் சரிபாருங்கள். 16 அல்லது 18 ஃப்ரேமில் எடுத்ததை 25இல் ஓட்டினால் தாத்தா துள்ளித் துள்ளி நடப்பார். அவர் அப்படி நடந்தவர் அல்ல.

வி.எச்.எஸ். வீடியோ நாடாக்கள் 1976இல் வந்தவை. வெள்ளைப் பொடி போலப் பூஞ்சை தெரிந்தால் பிளேயரில் போடாதீர்கள். நாடாவும் கெடும், பிளேயரும் கெடும். அந்தக் காலத்துப் படம் நான்குக்கு மூன்று என்ற விகிதம் கொண்டது. அகலத் திரைக்கு ஏற்றபடி இழுக்காமல் இரு பக்கமும் கருப்பாக விடுங்கள். இழுத்த முகம் யாருடைய முகமும் இல்லை.

அப்புறம் ஒரு முக்கியமான சங்கதி. வீட்டு நாடாவில் விழாவையும் கேக் வெட்டுவதையும் தேடி வேகமாக ஓட்டாதீர்கள். கேமராவை அணைக்க மறந்து கீழே தொங்கவிட்ட நொடிகளைத் தேடுங்கள். தரை, நடக்கும் கால்கள், படச்சட்டத்துக்கு வெளியே யாரோ யாரையோ கூப்பிடும் குரல். யாரும் கேமராவுக்காக நடந்துகொள்ளாத நொடிகள் அவை மட்டும்தான்.

எல்லாவற்றையும் மூன்று பிரதி, இரண்டு வகைச் சேமிப்பில், அதில் ஒன்று வேறொரு வீட்டில். இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. இன்றைக்கே செய்துவிடுங்கள்.

நான்காம் படி: இன்றைக்குப் படம்பிடிப்பது

கடந்ததை நடித்துக் காட்ட முயலாதீர்கள். பழைய சட்டையைப் போட்ட ஒரு குழந்தை ஓடுவதை எடுத்து "இது நான்" என்று வைத்தால், பார்ப்பவர் அந்தக் குழந்தையைப் பார்ப்பார், உங்களைத் தேட மாட்டார். இன்றைக்கு இருப்பதையே எடுங்கள். என் அனுபவத்தில் மூன்று இடங்களில் எப்போதும் ஏதாவது கிடைத்திருக்கிறது. ஒன்று, பொருளின் மேற்பரப்பு: கீறல், மடிப்பு, ஓரத்தின் நைந்த வெண்மை, அதைப் பிடித்திருக்கும் விரல்கள். அடுத்தது இடம்: அந்தப் புகைப்படம் எடுத்த இடத்துக்குப் போக முடிந்தால் அதே உயரத்தில், அதே கோணத்தில் கேமராவை வையுங்கள். அங்கே இப்போது எதுவும் மிச்சமில்லை என்றால் அதையே முழு நிமிடம் எடுங்கள். பிறகு உடல். துணியை மடிக்கும் விதம், யோசிக்கும்போது கழுத்தைத் தடவும் பழக்கம், இவை தலைமுறை தாண்டி வருகின்றன. அம்மாவின் கையையும் மகளின் கையையும் அடுத்தடுத்து வைத்தால் பேச்சே வேண்டாம்.

ஒவ்வொரு ஷாட்டும் குறைந்தது முப்பது நொடி. கேமரா டிரைபாடில். ஜூம் இல்லை. ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் பூட்டிவிடுங்கள், இல்லாவிட்டால் கை உள்ளே வரும்போதெல்லாம் செல்போன் வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கும். நொடிக்கு 25 ஃப்ரேம் எடுத்தால் ஷட்டர் வேகம் நொடியில் ஐம்பதில் ஒரு பங்கு. மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் உள்ள நாட்டில் விளக்கு துடிப்பதும் இதனால் தெரியாது. 60 ஹெர்ட்ஸ் நாட்டில் 30 ஃப்ரேமும் நொடியில் அறுபதில் ஒரு பங்கும் வையுங்கள்.

புகைப்படத்தை அசையவைப்பது பற்றி எனக்கு உறுதியான கருத்து உண்டு. எடிட்டிங் மென்பொருள்கள் பலவும் அசையாப் படத்தின் மேல் மெல்ல ஊர்ந்து போகும் ஜூம் ஒன்றைத் தயாராக வைத்திருக்கின்றன. பயன்படுத்தாதீர்கள். "இப்போது நெகிழுங்கள்" என்று பார்ப்பவரின் தோளைத் தட்டுகிற வேலை அது. படத்தை இருபது நொடி அசையாமல் வையுங்கள். பத்து நொடிக்குப் பிறகு பார்ப்பவரின் கண் தானாக நகரத் தொடங்கும். 1962இல் பிரெஞ்சு இயக்குநர் கிறிஸ் மார்க்கர் எடுத்த 28 நிமிடப் படம் ஒன்று ஏறக்குறைய முழுக்க அசையாப் புகைப்படங்களால் ஆனது. நடுவில் ஒரே ஒரு இடத்தில், படுத்திருக்கும் பெண் கண் திறந்து இமைக்கிறாள். சில நொடிதான். மற்ற எல்லாம் அசையாமல் இருந்ததால்தான் அந்த இமைப்புக்கு அத்தனை உயிர்.

அசைவு வேண்டும் என்றால் உண்மையாக அசையுங்கள். புகைப்படத்தின் மேல் ஒரு விளக்கை மெல்ல நகர்த்துங்கள். சின்ன புரொஜெக்டர் கிடைத்தால் படத்தைக் காற்றில் ஆடும் துணியின் மேல், அல்லது உங்கள் முதுகின் மேல் வீழ்த்தி எடுங்கள். என் அம்மாவின் இருபது வயது முகத்தை என் கையின் மேல் வீழ்த்தி எடுத்தபோது, கையை மடக்கினால் அவர் கண் மூடிக்கொண்டது. திட்டமிட்டு அதை நான் கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

ஐந்தாம் படி: எடிட்டிங்

மென்பொருளுக்கு அலைய வேண்டாம். டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு தாராளமாகப் போதும். கணினி பழையது என்றால் கேடென்லைவ். ஒலிக்கு மட்டும் ஆடாசிட்டி.

முதலில் குரலை மட்டும் டைம்லைனில் போட்டு வெட்டுங்கள். திரை கருப்பாகவே இருக்கட்டும். விளக்கை அணைத்துக் கேளுங்கள். படமே இல்லாமல் உங்களை இழுத்துப் பிடிக்கிறதா? பிடிக்கிற பகுதியை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். தயக்கம், மூச்சு, "இல்லை இல்லை, அது அப்புறம்" என்ற திருத்தம், இவற்றை வெட்டாதீர்கள்.

இதற்குப் பிறகு படத்தை வைக்கும்போது ஒரு சட்டம்: குரல் சொல்கிற பொருளைத் திரையில் காட்டக் கூடாது. கதவு என்று குரல் சொல்லும்போது கதவைக் காட்டினால் அங்கே இடைவெளி மூடிவிடுகிறது. ஹாலிஸ் ஃபிராம்டன் என்ற அமெரிக்க இயக்குநர் 1971இல் ஒரு படத்தில் இதைக் கடைசி எல்லை வரை கொண்டுபோனார். திரையில் புகைப்படம் ஒவ்வொன்றாக மின்னடுப்பின் மேல் கருகிச் சுருள்கிறது. குரலோ அடுத்து வரப்போகும் புகைப்படத்தை விவரிக்கிறது. கேட்டதை நினைவில் வைத்துக்கொண்டே வேறொன்றைப் பார்க்க வேண்டியிருக்கிறது. பார்ப்பவரையே நினைவுகூரும் வேலைக்கு உட்காரவைத்துவிடுகிறார். நீங்களும் ஒரு நாள் பயிற்சியாக இதைச் செய்து பாருங்கள். படங்களை எல்லாம் குரலுக்குப் பொருத்தமாக அடுக்குங்கள். பிறகு படத் தடத்தை மட்டும் மொத்தமாகப் பிடித்து ஓர் இடம் தள்ளிவிடுங்கள். எங்கெங்கே தற்செயலாகத் தீப்பொறி பறக்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். அந்த இடங்களை வைத்து, மற்றவற்றைப் புதிதாக அடுக்குங்கள்.

ஒரே கேள்விக்கு வந்த வெவ்வேறு பதில்களை அடுத்தடுத்து வையுங்கள், அதே படத்தின் மேல். எது சரி என்று தீர்ப்புச் சொல்லும் அட்டையோ குரலோ வேண்டாம்.

இசை இல்லாமல் முதல் படத்தை முடித்துப் பாருங்கள் என்று கெஞ்சிக் கேட்கிறேன். உரிமைச் சிக்கல் ஒருபுறம் இருக்கட்டும். குரலின் ஈரத்தை இசை முதலில் காயவைத்துவிடுகிறது. அறையின் வெறும் ஒலி, புகைப்படத்தைத் திருப்பும் சத்தம், தூரத்துக் கதவு, இவை போதும்.

செயற்கைக் கீறலும் பழுப்பு நிற ஃபில்டரும் தொடவே தொடாதீர்கள். இப்போது பழைய முகத்தைப் புன்னகைக்க வைக்கவும், கருப்பு வெள்ளைக்கு நிறம் பூசவும், கிழிந்த இடத்தை நிரப்பவும் செயற்கை நுண்ணறிவுக் கருவிகள் வந்துவிட்டன. பயன்படுத்துவது உங்கள் உரிமை. ஆனால் அந்தப் பலூன் படத்தை மறக்காதீர்கள். பாட்டி ஒருபோதும் சிரிக்காத ஒரு சிரிப்பை நீங்கள் உருவாக்கினால், ஐந்து வருடத்தில் உங்கள் குடும்பமே அதை நினைவாக வைத்திருக்கும். அப்படிச் செய்தால் படத்துக்குள்ளேயே, பார்ப்பவருக்குத் தெரியும்படி சொல்லிவிடுங்கள்.

உங்கள் குரலும் படத்தில் வரும் என்றால் உரையை எழுதிவைத்து மூன்று முறை சுருக்குங்கள். ஏக்கம், வலி, இழப்பு போன்ற சொற்களை எல்லாம் எடுத்துவிட்டு வாசித்துப் பாருங்கள். உணர்ச்சி அப்போதும் மிஞ்சி நின்றால் உரை தயார்.

மூன்று முதல் ஐந்து நிமிடத்தில் நிறுத்துங்கள். இரண்டு வாரம் திறக்காமல் வைத்துவிட்டு, பிறகு பார்த்து இன்னும் அரை நிமிடம் வெட்டுங்கள்.

ஆறாம் படி: காட்டுவது

உங்கள் படத்துக்குத் தொடக்கமும் முடிவும் உண்டா, அல்லது சுற்றிச் சுற்றி ஓடலாமா? இருட்டறையில் எல்லோரும் உட்கார்ந்து பார்க்கும் திரையிடல் என்றால் முதல் வகை. காட்சிக்கூடத்தில் மனிதர்கள் நடுவில் வந்து நடுவில் போவார்கள். அங்கே எந்த நொடியில் நுழைந்தாலும் பிடிபடும்படி அமைக்க வேண்டும். மூன்று முரண்பட்ட பதில்கள் போன்ற அமைப்பு சுழற்சிக்கு மிகப் பொருந்தும், எது முதல் பதில் என்றே தெரியாமல் போகும். நெருக்கமான ஒற்றைக் குரலுக்கு ஸ்பீக்கரைவிட ஹெட்ஃபோன் நல்லது. காதருகே ஒருவர் பேசுவது போல் இருக்கும்.

சப்டைட்டில் இரண்டு வரியைத் தாண்ட வேண்டாம். வட்டார வழக்கை மொழிபெயர்ப்பில் இலக்கணமாக்காதீர்கள். பேசுபவர் பாதியில் நிறுத்தினால் எழுத்தும் பாதியில் நிற்கட்டும். தரம் குறையாத ஒரு மூலக் கோப்பை வைத்துக்கொண்டு, காட்டுவதற்கு எச்.264 முறையில் சுருக்கிய எம்பி4 கோப்பு ஒன்றை எடுங்கள். எந்தக் கருவியில் ஓடப்போகிறதோ அதிலேயே முந்தின நாள் ஒரு மணி நேரம் சுழலவிட்டுப் பாருங்கள். சில தொலைக்காட்சிகள் ஒவ்வொரு சுற்றின் இடையிலும் தங்கள் மெனுவைக் காட்டிவிடும்.

வெளியே காட்டும் முன், படத்தில் இருப்பவருக்குத் தனியாகக் காட்டுங்கள். பக்கத்தில் உட்காருங்கள், முகத்தைப் பார்க்காதீர்கள். என் அம்மா ஒரு வாக்கியத்தை எடுத்துவிடச் சொன்னார். எடுத்தேன். அந்த இடத்தில் ஆறு நொடி அறையின் வெறும் ஒலியை வைத்தேன். படத்தில் மிகக் கனமான ஆறு நொடி அதுதான்.

பார்த்து முடித்ததும் உடனே எழுந்து விளக்கைப் போடாதீர்கள். படம் முடிந்த பிறகுதான் பலர் பேசத் தொடங்குவார்கள். ரெக்கார்டரை மேஜை மேல் தயாராக வைத்திருங்கள், பதிவு செய்யலாமா என்று கேட்டுவிட்டு அழுத்துங்கள். அம்மா சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அந்தப் பக்கம் ஒன்றும் இல்லை, வெயில் கண்ணில் அடித்தது, அதனால்தான் திரும்பினேன்" என்றார். நான்காவது பதில். பதிவு செய்ய அனுமதி தந்தார், படத்தில் சேர்க்க வேண்டாம் என்றார். கோப்புக்குத் தேதியைப் பெயராக வைத்து, மூன்று பிரதியாகச் சேமித்திருக்கிறேன்.